‘அப்படி ஒரு k இல்லை’ என்று எழுதியவள்

தண்ணீர் பாட்டில் வாங்க இறங்கியதுதான் தப்பு.

பொங்கல் லீவு முடிந்து திருநெல்வேலியிலிருந்து ஊருக்கு வந்துகொண்டிருந்தேன். தேவர்குளத்தில் பஸ் கொஞ்சம் நின்றது. இறங்கிப் போய், சில்லறை இல்லை என்ற கடைக்காரரோடு மல்லுக்கட்டித் திரும்பினால்... பஸ்ஸைக் காணோம். என் பை மட்டும் ஜன்னலோர சீட்டில் சொகுசாக உட்கார்ந்து சங்கரன்கோவிலுக்குப் போய்க்கொண்டிருக்கிறது.

நல்லவேளை, அடுத்த பஸ் உடனே வந்தது. ஏறியதும் கண்டக்டரிடம் கேட்டேன்.

"அண்ணே, முன்னால போற வண்டியப் புடிச்சிருவீங்களா? என் பை அதுல போகுது."

அவர் வாயிலிருந்த விசிலை எடுத்தார். "எங்கனம்மா புடிக்க? அவனும் அறுபதுல போறான். நாமளும் அறுபதுல போறோம். அவன் டீக்கடையில நின்னாத்தான் உண்டு."

பின் சீட்டிலிருந்து ஒருவர் சிரித்தார். "அவன் ஸ்டாப்புலயே நிக்க மாட்டான் வே. டீக்கடையிலயா நிக்கப்போறான்?"

பஸ்ஸே சிரித்தது. நான் சிரிக்கவில்லை. பைக்காக அல்ல... எனக்கு அந்த நிமிடம்தான் பொறி தட்டியது. அவனும் அறுபது, நாமும் அறுபது. நடுவில் உள்ள தூரம் அப்படியே இருக்கும். ஊர் எவ்வளவு தள்ளி இருந்தாலும் இந்த பஸ் அந்த பஸ்ஸைத் தொடாது.

அடடா. இதுதானே இணைகோடு!

வாராவாரம் நான் எழுதும் இந்தப் பத்தியை வழக்கமாகப் படிப்பவர்களுக்குத் தெரியும் — நான் இங்கே ஒரு தனியார் பள்ளியில் பத்தாம் வகுப்புக்குக் கணக்கு டீச்சர். புதிதாகப் படிப்பவர்களுக்கு: டீச்சராக இருந்தேன். அந்த ‘இருந்தேன்’தான் இந்த வாரக் கதை.

கணக்கு என்றதும் பக்கத்தைப் புரட்டாதீர்கள். ஒரே ஒரு கணக்குதான். அதுவும் லேசானது.

2x + 3y = 5 என்பது ஒரு கோடு. 4x + ky = 7 என்பது இன்னொரு கோடு. k என்னவாக இருந்தால் இரண்டும் இணையாகப் போகும்?

முதல் கோட்டில் இருந்த 2, இரண்டாவதில் 4 ஆகியிருக்கிறது. இரண்டு மடங்கு. அப்படியானால் 3-ம் இரண்டு மடங்காக வேண்டும். k = 6. முடிந்தது. மூன்று வரி. இரண்டு மதிப்பெண். பிள்ளைகள் தூக்கத்தில் எழுப்பினாலும் ‘ஆறு’ என்பார்கள்.

ஆனால் ஏன் ஆறு? அதைக் கேட்டால் கூரையைப் பார்ப்பார்கள்.

மறுநாள் வகுப்பில் நான் சமன்பாட்டை எழுதவில்லை. இரண்டு பஸ் வரைந்தேன். ஒன்று முன்னால் கிளம்பியது, ஒன்று பின்னால். நேரத்தைக் கீழே போட்டு, தூரத்தை மேலே போட்டு, இரண்டுக்கும் கோடு இழுத்தேன். வேகம் மாறினால் கோட்டின் சாய்வு மாறும். வேகம் ஒன்றானால் சாய்வும் ஒன்று. "இப்ப சொல்லுங்க. பின்னாடி வர்ற டிரைவர் எந்த வேகத்துல போனா நடுவுல உள்ள தூரம் கூடாம குறையாம அப்படியே இருக்கும்? அந்த வேகம்தான் நம்ம k."

வகுப்பு முழித்துக்கொண்டது. கடைசி பெஞ்ச் பையன்கள்கூட எந்த கம்பெனி பஸ் ஜெயிக்கும் என்று சண்டை போட்டார்கள். ஒரு கணக்கு டீச்சருக்கு அதைவிட என்ன வேண்டும்?

அப்போது மூன்றாவது வரிசையில் இருந்து கோமதி எழுந்தாள்.

கோமதியை உங்களுக்குச் சொல்ல வேண்டும். முதல் ரேங்க் பிள்ளை இல்லை. எண்பத்தைந்து, தொண்ணூறு என்று நிற்பவள். அப்பா சங்கரபாண்டி பிச்சிப்பூ போட்டிருக்கிறார். தினமும் விடியும்முன் நம்ம ஊர்ப் பூ மார்க்கெட்டுக்குக் கொண்டுவருவார். ரோட்டை அகலப்படுத்த அளந்தார்களே, அப்போது இவர்கள் தோட்டத்து ஓரத்தில் முக்காலிக் கருவியை வைத்து ஒரு பெண் பார்த்துக்கொண்டிருந்தாராம். அன்று முழுக்க கோமதி அவர் பின்னாலேயே திரிந்திருக்கிறாள். அன்றிலிருந்து ஒரே பேச்சு — சர்வேயர் ஆக வேண்டும். அதற்குப் பிளஸ் ஒன்னில் கணக்கு உள்ள முதல் குரூப் வேண்டும். அவ்வளவுதான் அவள் கேட்டது.

"மிஸ், ரெண்டு பஸ்ஸும் ஒரே எடத்துல, ஒரே நேரத்துல, ஒரே வேகத்துல கெளம்புனா?"

"இடிச்சிரும்ட்டி" என்றான் ஒருவன்.

"இடிக்காதுல. ஒண்ணு மேல ஒண்ணு போகும். அப்ப அது இணையா மிஸ்?"

எனக்கு ஓடிப்போய் அவளைக் கட்டிக்கொள்ள வேண்டும் போலிருந்தது. "இல்ல மக்கா. அது ஒரே கோடு. இணைன்னா நடுவுல இடைவெளி வேணும்" என்றேன்.

அவள் தலையை ஆட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். நானும் பெருமையாக வீட்டுக்குப் போனேன்.

பிப்ரவரியில் கடைசித் திருப்புதல் தேர்வு. எங்கள் பள்ளியில் இது சாதாரணத் தேர்வு இல்லை. பொதுத்தேர்வு முடிவெல்லாம் வருகிறபடி வரட்டும். பிளஸ் ஒன் முதல் குரூப்புக்கு யார் என்று இந்தத் தேர்வை வைத்தே முடிவு செய்துவிடுவார்கள். கணக்கில் தொண்ணூறு இருந்தால் பெயர் நோட்டீஸ் போர்டில். இல்லாவிட்டால், "காமர்ஸ் இருக்கு." ஏப்ரலில் வகுப்பே ஆரம்பித்துவிடும். பல ஊர்களில் இப்படித்தான் என்பது உங்களுக்குத் தெரியாததா?

கோமதிக்கு எண்பத்தெட்டு.

பேப்பரை வாங்கிப் பார்த்தேன். என் வகுப்புப் பேப்பரை நான் திருத்தக் கூடாது, வேறு செக்‌ஷன் டீச்சர்தான் திருத்துவார். இரண்டு மதிப்பெண் கேள்வி ஒன்றுக்குக் குறுக்கே சிவப்பு மையில் நீளமாக ஒரு அடி.

கேள்வி: 2x + 3y = 5, 4x + ky = 10 ஆகிய நேர்கோடுகள் இணை எனில் k-ன் மதிப்பு காண்க.

கோமதியின் பதில்: "k = 6 போட்டால் இரண்டும் ஒரே கோடு. வேறு எது போட்டாலும் வெட்டிக்கொள்ளும். ஆகவே இணையாக்கும் அப்படி ஒரு k இல்லை."

நான் அந்த வரியை மறுபடி மறுபடி படித்தேன். 4x + 6y = 10. இரண்டால் வகுத்துப் பாருங்கள். 2x + 3y = 5. முதல் கோடேதான், சட்டையை மாற்றிக்கொண்டு வந்து நிற்கிறது. அந்த மொத்த வகுப்பில், அந்த மொத்தப் பள்ளியில், அந்தக் கேள்விக்குச் சரியாக எழுதியது ஒரே ஒரு பிள்ளை. அவளுக்குத்தான் சுழியம். ‘ஆறு’ என்று எழுதிய அத்தனை பேருக்கும் முழு மதிப்பெண்.

எப்படி நடந்தது இது?

எங்கள் சீனியர் வேலாயுதம் சாரிடம் போனேன். கேள்வித்தாள் அவர் தயாரிப்பு. நல்ல மனிதர், தன் சாப்பாட்டில் பாதியை ஸ்டாஃப் ரூமுக்குப் பங்கு வைப்பவர். இதைச் சொல்லிவிட வேண்டும் — பின்னால் வருவதைப் படித்து அவரை வில்லனாக்கிவிடாதீர்கள்.

"இதுல என்னம்மா சந்தேகம்? விகிதம் சமம்னு போட்டா ஆறு. ஆன்சர் கீயில ஆறுன்னுதான் இருக்கு."

"சார், கடைசி நம்பர் பத்துன்னு இருக்கே."

"கடைசி நம்பரை வருஷா வருஷம் மாத்துவேம்மா. போன வருஷம் ஏழு. அதுக்கு முந்தி பதினொண்ணு. பழைய கேள்வின்னு பிள்ளைகளுக்குத் தெரியக் கூடாதுல்லா? அதுக்கு."

"கீ?"

"கீ எதுக்கு மாத்த? கடைசி நம்பருக்கும் k-வுக்கும் என்ன சம்பந்தம்? நீயே சொல்லு."

அவர் சொன்னதில் தப்பு இல்லை என்பதுதான் கொடுமை. k-ஐக் கண்டுபிடிக்க அந்தக் கடைசி எண் தேவையே இல்லை. ஏழு என்றாலும் ஆறுதான், பதினொன்று என்றாலும் ஆறுதான். கேள்வி புதிதாகும், விடை பழசாகவே இருக்கும். ஒரு கணக்கு வாத்தியாரால் மட்டுமே யோசிக்க முடிந்த சோம்பேறித்தனம்! எத்தனையோ எண்கள் இருக்க, ஒரே ஒரு எண்ணில்தான் கதை கவிழும். வருஷா வருஷம் மாற்றிக்கொண்டே வந்த கை, இந்த வருஷம் அதன் மேல் விழுந்துவிட்டது.

நான் பேப்பரில் எழுதிக் காட்டினேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மறுபடி மாட்டிக்கொண்டு பார்த்தார். பேனா மூடியைத் திருகினார், திறந்தார், திருகினார்.

"சரிதான். ஒத்துக்கிடுதேன்" என்றார், மெதுவாக.

"அப்ப மார்க் போட்டுருவோமா சார்?"

"எப்படிம்மா போட? இவளுக்குப் போட்டா, ஆறுன்னு எழுதினவனுக்கெல்லாம் அடிக்கணும். அடிச்சா லிஸ்ட்டுல பாதிப் பேர் கீழ வந்துருவான். பேர் ஒட்டியாச்சு. வீட்டுக்கு மெசேஜ் போயாச்சு."

"அவங்க மார்க் அப்படியே இருக்கட்டும் சார். கேள்வி தப்பு, எல்லாருக்கும் முழு மார்க்குன்னு வச்சிக்கிடலாம். இவளுக்கும் ரெண்டைக் குடுத்துருங்க."

"கேள்வி தப்புன்னு யாரு சொல்ல?"

நான் அவரையே பார்த்தேன். அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். "எனக்கு ரிட்டையர்மென்ட் பக்கத்துல வந்துட்டும்மா. நீ கரஸ்பாண்டென்ட்ட பேசிப் பாரு. நான் குறுக்க வர மாட்டேன்."

குறுக்கே வர மாட்டாராம். கூடவும் வர மாட்டார்.

கரஸ்பாண்டென்ட் அறை ஏ.சி.யில் குளிர்ந்து கிடந்தது. பள்ளியை நடத்துகிற அவர் முன்பு பருத்தி வியாபாரம் பார்த்தவர். மேஜை மேல் கேமரா திரை. பேசும்போதெல்லாம் ஒரு கண் அதில் இருக்கும். நான் பேப்பரை நீட்டினேன். வாங்கவில்லை.

"எனக்குக் கணக்கு வராது மிஸ். கீ என்ன சொல்லுது?"

"ஆறுன்னு சொல்லுது சார். கீ தப்பு."

"அந்தப் பிள்ளை என்ன எழுதிருக்கு?"

"விடை இல்லைன்னு."

"விடை இல்லைன்னு எழுதுனவளுக்கு மார்க் போடச் சொல்லுதீங்க." அவர் சிரித்தார். "அப்ப ஒண்ணும் எழுதாம வந்தவனுக்கு என்ன போட?"

விளக்கினேன். பஸ் உதாரணம்கூடச் சொன்னேன். அதுதான் நான் செய்திருக்கக் கூடாதது.

"ஓ... பஸ் கதை நீங்க நடத்துனதா? ரெண்டு பேரன்ட்ஸ் போன் பண்ணாங்க. மூணு வரியில முடியுத கணக்குக்கு மிஸ் ஒரு பீரியடு பஸ் ஓட்டுதாங்கன்னு." திரையிலிருந்து கண்ணை எடுத்து முதல் முறையாக என்னைப் பார்த்தார். "பிள்ளைகளுக்கு விடையச் சொல்லிக் குடுங்க மிஸ். விடை இல்லாததெல்லாம் காலேஜ்ல போய்ப் படிச்சுக்கிடட்டும்."

அவ்வளவுதான். வெளியே வந்தேன்.

யோசித்துப் பார்த்தால், நம் ஊரில் ‘இல்லை’ என்ற விடைக்கு எங்கேதான் மார்க் இருக்கிறது? எனக்கு வீட்டில் இரண்டு வருஷமாக மாப்பிள்ளை பார்க்கிறார்கள். வருகிறவர்கள் எல்லாம் அதே கணக்கைத்தான் போடுகிறார்கள். அவர்கள் கோடு நேராகப் போய்க்கொண்டே இருக்கும். அதற்கு இணையாக வர என் எண்ணை மட்டும் எவ்வளவு மாற்ற வேண்டும்? வேலையை விட்டால் சரியாகுமா? பத்தி எழுதுவதை விட்டால்? சென்னைக்கு வந்தால்? ‘அப்படி ஒரு எண் இல்லை’ என்று நான் சொன்னால், பொண்ணுக்குத் திமிர். மாமா ஒருவர் கல்யாண வீட்டில் வைத்தே சொன்னார்: "ஏதாவது ஒரு நம்பரைப் போட்டு முடியும்மா." ஏதாவது ஒரு நம்பர்... ஒரு தேசமே அப்படித்தான் பரீட்சை எழுதிக்கொண்டிருக்கிறது.

சரி, என் கதை கிடக்கட்டும். கோமதிக்கு வருவோம்.

மறுநாள் வகுப்புக்குப் போனபோது அவள் தோழி அவளை வறுத்துக்கொண்டிருந்தாள். "ஏட்டி, எல்லாரும் ஆறுன்னு எழுதுதாங்க. நீயும் எழுதிட்டுப் போக வேண்டியதுதான? உனக்கு மட்டும் என்ன தனியா?"

"தெரிஞ்சுக்கிட்டே எப்படிட்டி எழுத?"

என்னைப் பார்த்ததும் எழுந்தாள். கண் சிவந்திருந்தது. அழுது முடித்திருந்தாள்.

"மிஸ், நான் எழுதுனது தப்பா?"

"இல்ல."

"பப்ளிக்ல இப்படி வந்தா என்ன எழுத?"

வாசகர்களே, நான் இந்தப் பத்தியில் எத்தனையோ வீரம் பேசியிருக்கிறேன். நேர்மை, துணிச்சல் என்று பக்கம் பக்கமாக அளந்திருக்கிறேன். அன்று அந்தப் பிள்ளை கேட்டபோது இரண்டு பக்கமும் கணக்குப் போட்டுப் பார்த்துக்கொண்டு நின்றேன். சரியானதை எழுது என்று சொன்னால், திருத்துகிறவர் கையிலும் ஒரு கீ இருக்குமே? ஆறு என்று எழுது என்று சொன்னால், நான் எதற்குக் கணக்கு டீச்சர்?

"சரின்னு உனக்குத் தெரியுறதை எழுது" என்று கடைசியில் சொன்னேன். என் குரல் எனக்கே பிடிக்கவில்லை. பொதுத்தேர்வில் அந்த மாதிரிக் கேள்வி வரக் கூடாது என்று நம்ம ஊர் அம்மனிடம் வேண்டிக்கொண்ட ஒரே கணக்கு டீச்சர் நானாகத்தான் இருப்பேன். வரவில்லை. அதுவரைக்கும் புண்ணியம்.

அந்த வாரமே சங்கரபாண்டி அண்ணாச்சி பள்ளி வாசலில் நின்றார். பூ மணம் அவரோடு வந்திருந்தது. பக்கத்தில் கோமதி.

"மிஸ், நீங்க எங்களுக்காவ சண்டை போட்டதா பிள்ள சொன்னா. வேண்டாம் மிஸ். அவுக மனசு கசந்துட்டா பிள்ளையத்தான் புடிச்சுப் பேசுவாக. காமர்ஸே படிக்கட்டும். பேங்க் வேலைக்குப் போலாம்லா?"

"எனக்கு பேங்க் வேண்டாம்" என்றாள் கோமதி, தரையைப் பார்த்துக்கொண்டு.

"பாருங்க. அந்த முக்காலிய வச்சுப் பாக்க வேலைக்குத்தான் போவேங்கா." அவர் மகளைத் திட்டுவது போலச் சொன்னார். குரலில் திட்டு இல்லை. "ரெண்டு மார்க்கு. நான் பூவுல தினமும் அதுக்கு மேல உதுத்துட்டு வாரேன். ஒரு பிள்ளைக்கு விட்டுக் குடுக்க மாட்டேங்காகளே."



பொதுத்தேர்வு முடிந்தது. ஏப்ரலில் முதல் குரூப் வகுப்பு ஆரம்பித்தது — கோமதி இல்லாமல். நானும் இல்லாமல். கோடை வகுப்புக்கு வர வேண்டாம் என்று ஆபீஸிலிருந்து போன் வந்தது. ஜூனுக்கு? "சொல்லுதோம் மிஸ்." அந்தச் ‘சொல்லுதோம்’ எனக்குப் புரியும்.

சும்மா இருக்க என்னால் முடியாது. கோமதியைக் கூட்டிக்கொண்டு மேலநீலிதநல்லூர் ரோட்டில் உள்ள ஒரு அரசு மேல்நிலைப் பள்ளிக்குப் போனேன். தலைமை ஆசிரியை தேர்வுக் கட்டுகளுக்கு நடுவில் இருந்தார். முதல் குரூப் உண்டா என்று கேட்டேன்.

"உண்டு. போர்டுல உண்டு" என்றார். "நாலு வருஷமா யாரும் சேரல."

"ஏன் மேடம்?"

"கணக்குக்கு டீச்சர் இல்ல. ஏன் டீச்சர் போடலன்னு கேட்டா, பிள்ளைங்க இல்லங்காங்க. பிள்ளைங்க ஏன் இல்லன்னு கேட்டா, டீச்சர் இல்லல்லா." அவர் கோமதியை ஏற இறங்கப் பார்த்தார். "இந்த ஒத்தப் பிள்ளைய வச்சு நான் கிளாஸ் நடத்த முடியாதும்மா. பதினஞ்சு பேரைக் கொண்டா. பெற்றோர் ஆசிரியர் கழகத்துல பேசி உன்னையே டீச்சரா போட்டுருதேன். பஸ் கிஸ் என்ன வேணா ஓட்டு."

என் பஸ் புகழ் அங்கேயும் போயிருக்கிறது, பாருங்கள்.

பதினைந்து. அத்தனை பேரைப் பிடிக்க முடியுமா? தெரியவில்லை. எங்கள் பழைய பள்ளியில் முதல் குரூப் கிடைக்காமல் காமர்ஸுக்குத் தள்ளப்பட்ட பிள்ளைகள் பெயர்களைக் கோமதியே சொல்கிறாள். அவர்கள் வீட்டில் ‘டீச்சர் இல்லாத ஸ்கூலா?’ என்று கேட்பார்கள். ‘பஸ் ஓட்டி வெளியே வந்த மிஸ்ஸா?’ என்றும் கேட்பார்கள். இரண்டுக்கும் பதில் யோசித்து வைத்திருக்கிறேன். இரண்டும் எனக்கே அவ்வளவு திருப்தி இல்லை.

நாளைக் காலை இளையரசனேந்தல் பக்கம் முதல் வீடு. சங்கரபாண்டி அண்ணாச்சி மார்க்கெட்டில் பூவை இறக்கிவிட்டு, காலி வண்டியோடு எங்களைக் கூட்டிப்போக வருகிறார். பேசப்போவது தான் மட்டும்தான் என்கிறாள் கோமதி. நான் வாயே திறக்கக் கூடாதாம்.

"நீங்க பேசுனா ஏ.சி. ரூம்ல நடந்த மாதிரி ஆயிரும் மிஸ். சும்மா சிரிச்சுக்கிட்டு நில்லுங்க, போதும்."

இன்று முழுக்கக் கண்ணாடி முன் நின்று சிரித்துப் பழகிக்கொண்டிருக்கிறேன்.